இருப்பு

செம்புதாஸ் தெருவில் எங்கள் கடை.
கம்பி, தகடு, ஆங்கிள், ஆணி.
பதினோரு வருடமாய் பில் போடுவது நான்.
பன்னிரண்டு எம்.எம். கம்பி ஒரு நீளம்
பத்துக் கிலோ அறுநூற்று அறுபது கிராம்.
தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன்.

போன ஜூனில் ஒருநாள் அது வரவில்லை.
லாரி நிற்கிறது. டில்லிபாபு கேட்கிறான்,
"ஹெப்சி அக்கா, எவ்ளோன்னு போட?"
எனக்கும் அந்த எண்ணுக்கும் நடுவில்
ஈரத்துணி ஒன்று தொங்குகிறது.
விலக்கினால் இன்னொன்று.

பிறகு சொற்கள் போயின.
கால்குலேட்டரை "அந்தத் தட்டறது" என்றேன்.
திருவொற்றியூரில் இறங்க மறந்து
எண்ணூர் வரை போய்த் திரும்பினேன்.
ஒரே பத்தியை மூன்று முறை கூட்டினால்
மூன்று விடை.
நான்காம் முறை கூட்டப் பயந்து
நடுவிலிருந்ததை எழுதினேன்.

அண்ணாச்சி திட்டவில்லை. அதுதான் கஷ்டம்.
நான் போட்ட பில்லைத் தாமும் ஒருமுறை கூட்டிப் பார்த்து
பேசாமல் கம்பியில் குத்தினார்.
வீட்டில் ஜெபராஜ்தான் கேட்டார்,
"சொன்னா மண்டையில நிக்குதா உனக்கு?"
நிற்கவில்லைதான்.
ரெண்டு மாடி ஏறினால்
நானே நிற்கவில்லை.

யாரிடமும் சொல்லாதது ஒன்று.
தகட்டில் கோடு போடுகிற சாக்பீஸைத்
தின்றுகொண்டிருந்தேன்.
முதலில் நுனி, பிறகு பாதி, பிறகு
ஒரு நாளைக்கு ரெண்டு.
பில் புத்தகத்தில் விழுந்த தூளை ஊதிவிட்டு
அடுத்த ஆளைக் கூப்பிட்டேன்.

ஆகஸ்டில் சரக்குக் கணக்கு எடுத்தோம்.
பக்கத் தலைப்பில்
"இரும்பு இருப்பு" என்று எழுதவேண்டும்.
"இருப்பு இருப்பு" என்று எழுதியிருந்தேன்.
பதினாலு பக்கத்திலும்.
டில்லிபாபு சிரித்தான், நானும் சிரித்தேன்,
குழாயைத் திறந்துவிட்டு பாத்ரூமில்
கொஞ்ச நேரம் நின்றேன்.

மூளையில் கட்டி என்று
நானே முடிவு கட்டியிருந்தேன்.
பீரோ சாவி எங்கே, நகைச்சீட்டு யாரிடம்,
எல்லாம் மகளுக்கு எழுதி வைத்தாயிற்று.
ஸ்டான்லியில் அந்தச் சின்ன டாக்டர், ஷம்ஷாத்,
என் தலையைத் தொடவே இல்லை.
கீழிமையை விரலால் இழுத்துப் பார்த்தாள்.
"மாசத்துல எத்தனை நாள் போகுது?"
எட்டு. பத்து. சில மாதம் எண்ணுவதில்லை.
"எத்தனை வருஷமா?"
மகளுக்குப் பதிமூன்று ஆகிறது.

தாளில் ஹீமோகுளோபின் ஏழு புள்ளி ஒன்று.
அதன் கீழே ஃபெரிட்டின், நாலு.
அது என்னம்மா?
"உள்ள இருக்கற இருப்பு.
குடோன் காலின்னு வச்சுக்குங்களேன்."
என் தொழில் அவளுக்குத் தெரியாது.
"ரத்தத்துக்கு மட்டும் இல்லக்கா,
மூளைக்கும் இரும்புதான் வேணும்.
ஒரு சேதி இங்கேருந்து அங்க போகணும்னா..."
மீதியைத் தவறவிட்டேன்.
திரும்பச் சொல்லச் சொன்னேன்.
வரிசை கதவுக்கு வெளியே நிற்க,
திரும்பச் சொன்னாள்.

மறுநாள் சின்னத் தராசில்
ரெண்டு அங்குல ஆணி ஒன்றை வைத்தேன்.
மூணு கிராம் சொச்சம்.
ஒரு பெண்பிள்ளைக்கு மொத்தமே
ஏறக்குறைய அவ்வளவுதானாம்.
வாசலில் எட்டு டன் இறங்கிக்கொண்டிருந்தது.
மக்கு, தண்டம், கவனமில்லாதவள்:
என்னை நானே வைத பெயரெல்லாம்
ஒரு ஆணிக்கு வந்த பஞ்சம்.

மாத்திரையில் வயிறு கட்டியது,
போனது கறுப்பாய்ப் போனது.
பதினோரு மணி டீயை வேண்டாம் என்றதற்கு
டீக்காரப் பையன் "என்மேல கோவமாக்கா" என்றான்.
மூன்று வாரம் ஒன்றும் நடக்கவில்லை.
டாக்டர் பொய் சொல்லிவிட்டாள் என்றுகூட
ஒரு ராத்திரி நினைத்தேன்.

நவம்பர் மழை. கொருக்குப்பேட்டையில்
சிக்னலுக்கு நின்றது ரயில்.
எதிரே ஒருத்தி ஈரப் புடவையைப் பிழிந்துகொண்டிருந்தாள்.
நான் எதையும் தேடவில்லை.
பக்கத்தில் யாரோ வந்து உட்கார்ந்ததுபோல் வந்தது:
பத்துக் கிலோ அறுநூற்று அறுபது.

ஜன்னல் வழியே மண் வாசனை.
வாய் ஊறியது இன்னும்,
கொஞ்சமாய்.