பதினொரு நாள்

பகாவில் காலை எட்டுக்கு முன்னே
செம்பனை ஆலையின் புகை அலுவலகத்துக்குள் வந்துவிடும்,
வருகைப் பதிவில் கையெழுத்திடாமல்.
நான் விசிறியைப் போட்டு
தேதி முத்திரையின் சக்கரத்தை ஒரு பல் நகர்த்துவேன்.
வடிகால் பாசன இலாகாவில்
பொழுது விடிவது அப்படித்தான்.

சுற்றறிக்கை கேட்டது:
உறுதிசெய்யப்பட்ட சேவை பத்தாண்டு,
ஜனவரி முதல் தேதிக்குள்.
எனக்கு ஒன்பது ஆண்டு, பதினொரு மாதம், இருபது நாள்.
மீதியை யாரோ தின்றிருந்தார்கள்.

யாரும் தின்னவில்லை, சரியாகச் சொன்னால்.
தகுதிகாண் காலம் டிசம்பரிலேயே முடிந்தது.
கணினிகளெல்லாம் கவிழ்ந்துவிடும் என்று
உலகம் பயந்துகொண்டிருந்த அந்த ஜனவரியில்
கவிழ்ந்தது என் கடிதம் மட்டும்,
கையெழுத்துக்காக ஒரு தட்டின் அடியில், முகம் குப்புற.
அதிகாரி பெருநாள் விடுப்பில்.
நானே அவர் வீட்டுக்குப் போய்
லெமாங்கும் கோழி ரெண்டாங்கும் சாப்பிட்டு வந்தேன்.
கடிதத்தைப் பற்றிக் கேட்கத் தோன்றவில்லை.

அம்மாவிடம் சொன்னபோது
"அரைப்பேரு போட்டுட்டானா?" என்றாள்.
பெரட்டுக்குப் பத்து நிமிடம் பிந்தினால்
கிராணி செக்ரோலில் போடும் அரைப்பேர்;
நிரை முழுதும் வெட்டினாலும் பாதிக் கூலி.
அதற்காக ஒரு மாதம்
கிராணியோடு பேசாமல் இருந்தாளாம் அவள்.
கிராணிக்கு அது தெரியாது.

நான் பேசினேன்.
சிரம்பான் உயர் நீதிமன்றத்தில்,
வழக்கறிஞர் குலவீரசிங்கத்தின் வாயால்,
ஆயிரம் ஆயிரம் வெள்ளியாக, தவணையில்.

இதில் ஒரு வேடிக்கை.
இலாகாவுக்கு எந்தக் கடிதம் வந்தாலும்
உள்வரவுப் பதிவேட்டில் ஏற்றுவது நான்.
என் மனுவும் வந்தது.
பிரித்தேன். முத்திரை குத்தினேன். எண் கொடுத்தேன், 417.
அனுப்புநர் என்ற கட்டத்தில்
யாரோ ஒருத்தியின் பேரைப்போல் எழுதினேன்,
செண்பகவல்லி த/பெ பெரியண்ணன்.
இலாகாவின் பதில் வாக்குமூலத்தை
நகலெடுத்ததும் நான்தான், ஆறு பிரதி.
நாலாம் பக்கத்தில் 'தகுதியற்றவர்' என்றிருந்தது.
மை மங்கலாக விழுந்ததால்
அந்தப் பக்கத்தை மறுபடியும் எடுத்தேன்.

அடுத்த மேசையில் நோர்ஹயாத்தி.
என்னோடு ஒரே நாளில் சேர்ந்தவள்.
அவள் கடிதம் அந்தத் தட்டில் மேலாக இருந்தது.
பதவி அவளுக்குப் போனது;
மேசை அதேதான், நாற்காலிக்கு மட்டும் கை முளைத்தது.
வழக்கில் அவளும் எதிர்மனுதாரர்.
நீதிமன்ற ஓலை வந்த அன்று
கறிபாப்பை இரண்டாகப் பிட்டு
ஒரு பாதியை என் பக்கம் தள்ளினாள்.
உருளைக்கிழங்கு அவள் பாதியில் அதிகம் விழுந்திருந்தது.
இருவரும் பார்த்தோம்.

ஐந்தாண்டு.
ஒரு நீதிபதி மாற்றலானார்.
கோப்பு ஒருமுறை தொலைந்து கிடைத்தது.
புக்கிட் பூத்துஸ் வளைவுகளில்
வாந்தி எடுக்காமல் சட்டம் படிக்கப் பழகினேன்.

வென்றேன்.
பதினொரு நாளும் எனக்கே.
கருதப்படுவது ஊழியரின் உரிமை என்றார் நீதிபதி;
கண்ணாடியைக் கழற்றிவிட்டு,
உயர்த்தப்படுவது உரிமையல்ல என்றார்.
குலவீரசிங்கம் என் கையைக் குலுக்கினார்.
இரண்டாவது வாக்கியத்துக்கும் சேர்த்தே குலுக்கினார் என்பது
பகாவ் பஸ்ஸில் ஏறிய பிறகு புரிந்தது.

வாரியம் கூடியது. கருதியது.
இன்று காலை கடிதம், இரண்டே வரி.
தங்கள் விண்ணப்பம் முறையாகக் கருதப்பட்டது.
அடுத்த வரியை ஊகிக்க
சட்டம் படித்திருக்க வேண்டியதில்லை.

முத்திரையைக் கையில் எடுத்தேன்.
அதன் சக்கரம் பின்னோக்கியும் சுழலும்,
பல பேருக்குத் தெரியாது.
பதினொரு பல்.
கட்டைவிரல் அதன்மேல் கொஞ்ச நேரம் இருந்தது.

நோர்ஹயாத்தி தலை தூக்காமல் கேட்டாள்,
"வல்லி, இன்னைக்கு எத்தனை ஹரிபுலான்?"

சொன்னேன்.
அதையே குத்தினேன்.