எண் இல்லாத பெல்ட்

சாங்கியில் பெட்டிகள் வந்து தீர்ந்தபின்
இன்னொரு பெல்ட் ஓடும்.
அதற்கு எண் இல்லை, மேலே திரையும் இல்லை.
போன ஊரில் செய்ததும்
செய்யாமல் திரும்பியதும்
பொருளாகி அதில் வரும்,
பயணியின் பெயர்ச்சீட்டோடு.

பெரும்பாலோர் அந்தப் பக்கம் பார்ப்பதில்லை.
வரியில்லாக் கடையில் சாக்லேட் வாங்கிக்கொண்டு
டாக்சி வரிசைக்கு நடந்துவிடுவார்கள்.
எடுத்து, எடை போட்டு, அடுக்கி வைப்பது
இரவு வேலையில் இருக்கும் நானும் ரொஸ்னாவும்.

சூரிக்கிலிருந்து ஒரு மிளகு வந்தது.
ஒரே ஒரு மிளகு.
தூக்க நான்கு பேர் வேண்டியிருந்தது.
பாலியிலிருந்து திரும்பிய புதுமணத் தம்பதிக்கு
ஒற்றைக் காலுறை. இருவர் பெயரும் அதில்.
"உன்னுடையது", "இல்லை, உன்னுடையது" என்று
விடியும்வரை நின்றார்கள்.
திருச்சி விமானம் என்றாலே ஈரம்தான்:
சொட்டும் குழாய், பிழியாத வேட்டி,
ஒருமுறை ஒரு முழுக் கிணறு,
அடியில் யாரோ இருமிக்கொண்டிருந்தார்கள்.

கோ பெங் ஹுவாட் மட்டும்
ஒழுங்காகக் கையெழுத்துப் போட்டு
தன் வாத்தைக் கூட்டிக்கொண்டு போவார்.
மாதம் ஒரு வாத்து.
மூவறை வீவக வீட்டில் எங்கே வைக்கிறார் என்று
நாங்கள் கேட்டதில்லை.
ஹாங்காங்கில் யார் என்றும் கேட்டதில்லை.

தொண்ணூறு நாள் காத்திருப்போம். அதன்பின் துவாஸ் உலை.
உலை திருப்பி அனுப்பிவிடும். இது எரியாது.
எரியாததை இரவுப் படகில் ஏற்றி
செமாக்காவ் தீவில் கொட்டுகிறார்கள்.
நாடு கொஞ்சம் கொஞ்சமாக அகலமாகிறது.
எல்லாம் மணல் என்றே வரைபடம் சொல்கிறது.

நான் விமானம் ஏறியதில்லை.
எனக்கு ஒன்றும் வராது என்ற தைரியத்தில்தான்
இந்த வேலைக்கே மனுப் போட்டேன்.

நேற்று மூன்றரை மணிக்கு வந்தது
ஒரு நீலப் பிளாஸ்டிக் நாற்காலி.
மருத்துவமனையில் கட்டில் பக்கத்தில்
பார்க்க வருகிறவருக்குப் போடுவார்களே, அது.
சீட்டில்: இரா. பூங்கோதை.
ஸ்கேனர் கீச்சிட்டது:
பயணம் செய்யாதவர் பெயரில்
பொருள் பதிய இயலாது.
ரொஸ்னா சீட்டைப் படித்தாள், என்னைப் படித்தாள்.
"படகில் போட்டுவிடலாமா?" என்றாள், மெதுவாக.

ஜொகூரில், பதினோராம் கட்டிலில்,
என் தம்பி செங்குட்டுவன்.
நடுவில் ஒரு கிலோமீட்டர்ப் பாலம்.
வெள்ளிக்கிழமை நெரிசல்டா, திங்கள் வருகிறேன் என்றேன்.
"சரிக்கா, பாலம் எங்க ஓடிடப் போகுது" என்றான்.
பாலம் ஓடவில்லை.
ஞாயிறு விடிகாலை அதில்
ஒரு வண்டிகூட இல்லையாம்.
பிறகு யாரோ சொன்னார்கள்,
சொல்லாமல் இருந்திருக்கலாம்.

முதல் ரயிலில் நாற்காலியோடு ஏறி
தானா மேராவில் மாறினேன்.
பெட்டியில் பாதி இருக்கைகள் காலி.
அப்படியும் ஒருவன்
கம்பியைப் பிடித்தபடி நின்றே தூங்கினான்.
சட்டையெல்லாம் வேலைத்தள அழுக்கு.
உட்கார்ந்தால் முகம் சுளிப்பார்கள் என்று
எப்போதோ கற்றுக்கொண்ட நிற்பு அது.

"இதுல உக்காரு தம்பி."
"யாரோடதுக்கா?"
"என்னோடதுதான்."

பிடோக்கில் உட்கார்ந்தவன்
கிளமெண்டியில்தான் கண் திறந்தான்.
நடுவில் ஒருமுறை தலை சாய்ந்து
என் தோளைத் தொட்டு விலகியது.
"வரேன்க்கா" என்று சொல்லி
கதவு மூடுவதற்குள் பாய்ந்து இறங்கினான்.

தூக்கிப் பார்த்தேன்.
எடை குறையவில்லை.
அவன் உட்கார்ந்த இடத்தில் மட்டும்
கொஞ்சம் சிமெண்டுத் தூள்.