ஆழ்துளை

அடையாள அட்டையில் என் வேலை இப்படி இருக்கிறது:
கனவுத் திருத்துநர், தமிழ், இரண்டாம் நிலை.
சில்க் போர்டில் ஆட்டோக்காரர் அதைப் படித்துவிட்டுக் கேட்டார்,
"திருத்தினா பலிக்குமா?"
மீட்டருக்கு மேல் ஐம்பது கேட்டவரிடம்
என்ன சொல்ல.

பலிக்காது.
ஒயிட்ஃபீல்டு, சர்ஜாபுரம், ஹொஸ்கோட்டை என்று
எங்கெங்கோ தொப்பி மாட்டிக்கொண்டு தூங்குகிறவர்களின் தலையிலிருந்து
இயந்திரம் எழுதி அனுப்புவதை
எழுவாய் பயனிலை பார்த்துக் கொடுக்கிறேன்.
அதற்குத் தமிழ் தெரியும்,
புது மாப்பிள்ளைக்குப் பெண்வீட்டாரைத் தெரிகிற மாதிரி:
பெயர்கள் எல்லாம் மனப்பாடம்,
யாருக்கும் யாருக்கும் பேச்சில்லை என்பது தெரியாது.

இந்த ஊர்க் கனவுகளில்
போலீஸ் கன்னடம் பேசுகிறது, மேஸ்திரி தெலுங்கு,
கடன் கேட்டு வருகிறவன் இந்தி.
அழுகிற இடம் வந்தால்
எங்கள் பிரிவுக்குத் தள்ளிவிடுவார்கள்.

மூன்று மணிக்கு வந்தது வரிசை எண் 318.
போர்வெல் வண்டி, திருச்செங்கோட்டுப் பதிவு.
ஆள் பெயர் எங்களுக்குத் தரமாட்டார்கள்.
கனவுக்குள் யாரோ கூப்பிட்டதால் தெரிந்தது,
சென்னியப்பன்.

ஆயிரத்து நானூறு அடி.
புழுதிதான் வருகிறது.
பன்னிரண்டு மாடிப் பால்கனிகளிலும் ஆட்கள்,
எல்லோர் கையிலும் காலி பக்கெட்.
யாரும் சொல்லாமலே சென்னியப்பன்
செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு
ஆறரை அங்குலத் துளையில் காலை விடுகிறான்.
கால் போகிறது. இடுப்பும் போகிறது.

அப்புறம் ஒரு வினைச்சொல், சிவப்பில்.
விழுந்தேன், எழுபத்தொரு சதவீதம்.
இறங்கினேன், இருபத்தொன்பது.
காலத்தை உறுதி செய்யவும்.

தொப்பி காப்பீட்டுக் கம்பெனியுடையது.
'விழு' எந்த வடிவில் வந்தாலும்
மூன்று நாள் வண்டி ஏறக் கூடாது, கூலியும் கிடையாது.
விதியை எழுதியவர்கள் கெட்டவர்கள் இல்லை.
போன ஆடியில் ஒருவன் விழுந்ததை
'பறந்தேன்' என்று மாற்றி அனுப்பினேன், பாவம் பார்த்து.
அவன் இப்போது
இடது கையால் கையெழுத்துப் போடுகிறான்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பிரதிமா ஷெணை
விரலால் காற்றில் கடிகாரம் வரைகிறாள்.
கனவு ஒன்றுக்கு ஆறு நிமிடம்.

ஒலியைப் போட்டுக் கேட்டேன்.
பஞ்சர் கடைப் பக்கம் தூங்குகிறான் போல.
"நாம..." என்று முனகினான், பிறகு "...றோம்."
நடுவிலிருந்த சொல்லை
டயருக்குக் காற்றடிக்கும் சத்தம் தின்றுவிட்டது.

உடனே இன்னொரு கட்டம் திறந்தது:
நாமா, நாங்களா? கேட்பவரும் சேர்த்தியா?

அவன் அறையில் யாரும் இல்லை.
அறையே இல்லை, வண்டிக்கு அடியில் படுத்திருக்கிறான்.
கேட்டுக்கொண்டிருந்தது நான்.

நாம், என்று அழுத்தினேன்.

வினையின் இடத்தில்
பள்ளியில் ஊறுகாயை வைத்துச் சொல்லிக் கொடுத்தது ஞாபகம் வந்தது.
ஊறிய, ஊறுகிற, ஊறும்.
மூன்று காலத்தையும் விழுங்கிவிட்டு
ஒன்றும் தெரியாததுபோல் நிற்கும் சொல்.
'ஆழ்துளை' என்று தட்டினேன்.
குழந்தை ஒன்று உள்ளே போனால் மட்டும்
செய்தியில் நாம் வாசிக்கிற சொல்.
ஆழ்ந்த, ஆழ்கிற, ஆழும்.
யார் என்பதைச் சொல்லாது.

இயந்திரம் கொஞ்சம் யோசித்தது.
பெயர்ச்சொல். ஆபத்தில்லை. பச்சை.

கூலியோடு மூன்று நாள் தூங்கட்டும் என்று எழுத
அந்தப் படிவத்தில் கட்டம் இல்லை.
மேலே, கீழே, உருட்டி உருட்டித் தேடினேன்.

அடுத்த கனவு வந்துவிட்டது,
யாரோ ஒருத்தி சப்பாத்தி எண்ணுகிறாள்.
அதைத் திறக்குமுன்
மேசைக்கடியில் இருந்த இரண்டு காலையும் தூக்கி
நாற்காலியில் மடித்து வைத்துக்கொண்டேன்.