இருபத்திரண்டு நிமிடம்

கோபிந்த்கர் மண்டியில் மாலை ஆறு மணியைக்
காதால்தான் பார்க்க வேண்டும்.
உருட்டாலைகள் ஒவ்வொன்றாக மூச்சை விடும்.
கடைசிக் கம்பி பாதி வழியில் கறுத்துக் கிடக்கும்.
ஆறிலிருந்து பத்துவரை உச்ச நேரம்:
மின்சாரம் வீடுகளுக்கு.
தொட்ட ஆலைக்கு அபராதம்.

அபராதம் எழுதுகிற கை என்னுடையது.
நச்சத்தர் சிங், இளநிலைப் பொறியாளன்,
மின்கழகம், மூன்றாம் உட்கோட்டம்.

பன்சல் ஆலையில் நெம்புகோலை இறக்குபவன் முசாபிர் மாஞ்சி,
கயா பக்கத்து ஆள்.
வானொலியில் பீப் பீப் என்று விழும்;
கடைசிப் பீப்பில் இறக்குவான்.
பார்த்திருக்கிறேன். இறங்கிய பிறகு
அவனோடு டீ கூடக் குடித்திருக்கிறேன்.

ஈய முத்திரை வைத்துப் பூட்டிய பெட்டிக்குள்
மீட்டரின் கடிகாரத்துக்கு அப்போது
ஆறு இருபத்திரண்டு.
இன்னும் வந்தே சேராத ஒரு நேரத்தில்
தினமும் மின்சாரம் எடுத்தான் முசாபிர்.
பதினான்கு மாதம். முப்பத்தொரு லட்சம்.
அதில் ஒரு பங்கைக் கட்டிவிட்டுத்தான்
கட்ட மாட்டேன் என்று முறையிடவே முடியும்.

பட்டியாலாவில் விசாரணை.
பன்சலின் வக்கீல் ஜஸ்லீன் சோடி குரலை உயர்த்தவில்லை.
"மீட்டர் படிக்கப் போனபோது கடிகாரம் கட்டியிருந்தீர்களா?"
ஆம்.
"அதில் மணி பார்த்தீர்களா?"
சாப்பாட்டு நேரம் ஆயிற்றா என்று பார்ப்பேன் என்றேன்.
யாரோ சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை.
படிவங்களை என் முன் பரப்பினார்.
பதினொன்றாம் கட்டம்: நேர வேறுபாடு, நிமிடங்களில்.
பதினான்கு படிவம். பதினான்கு சிறு கோடு.
"இந்தக் கோடு என்ன எண்?"

என்ன சொல்வது.
இருபத்திரண்டு என்று எழுதினால் மீட்டரை மாற்ற வேண்டும்.
மாற்றுவதற்குக் கிடங்கில் மீட்டர் இல்லை.
இல்லை என்று எழுதினால்
ஏன் முன்பே கேட்கவில்லை என்று மேலிருந்து ஒரு கடிதம்.
கேட்டேன் என்றால் எப்போது என்று இன்னொன்று.
கோட்டுக்கு எந்தக் கடிதமும் வராது.
இரண்டாம் மாதத்திலிருந்து பேனாவே அதைப் போட்டுக்கொண்டது.

"பூஜ்யமா?" என்றார்.
எங்கள் தரப்பு வக்கீல் இருமினார்.
அந்த இருமலில் என் மகளின் கல்லூரிக் கட்டணம் இருந்தது.
"பூஜ்யம் இல்லை" என்றேன்.

தீர்ப்பு நாற்பது பக்கம்.
ஆய்வகம் சோதித்த நாளுக்கு முந்தைய இரண்டு மாதம்
கடிகாரம் தப்பாக ஓடியதாகக் கொள்ளலாம்.
அதற்கு முந்தைய பன்னிரண்டு மாதமும்
அது சரியாகவே ஓடியது, காகிதத்தில்.
இரண்டு மாதப் பணம் திரும்பும். வட்டி கிடையாது.
என் சாட்சியம் முப்பத்தெட்டாம் பக்கத்தில்:
'ஆவணத்துக்கு முரணான வாய்மொழி.'
ஆவணம் என்றால் என் கோடுகள்.

பன்சல் மேல்முறையீட்டுக்குப் போனார்.
காசு திரட்ட இரவு ஷிப்டை மூடினார், பதினாறு பேர்.
முசாபிர் ரயிலேறியதைப் பிறகுதான் கேள்விப்பட்டேன்.
எனக்கு ஓர் ஊதிய உயர்வு நின்றது;
அதைப் பற்றி வீட்டில் இன்னும் பேச்சு ஓயவில்லை.

வழக்கு முடிந்ததும் மீட்டர் கிடைத்துவிட்டது, ஏப்ரலில்.
ஈயத்தை நானே நசுக்கினேன்.
நெம்புகோலருகே இப்போது ஒரு பையன்.
வானொலியைக் காணோம். செல்போனைப் பார்த்து இறக்குகிறான்.

மே மாதம் படிக்கப் போனேன்.
கைக்கடிகாரத்தைக் கழற்றி
மீட்டர் கண்ணாடியில் சாய்த்து வைத்துப் பார்த்தேன்.
ஒரு நிமிடம் முன்னால்.
இரண்டு வரை விதி மன்னிக்கும்.

பதினொன்றாம் கட்டத்தில் எண்ணால் எழுதப் போய்
நிறுத்தினேன். அதுவும் ஒரு கோடுதானே.
'ஒன்று' என்று எழுத்தால் எழுதினேன்,
கட்டம் போதாமல்
பன்னிரண்டாவதிலும் கொஞ்சம் ஏறிற்று.