பணிக்காலம்

மூன்றாம் ஜன்னலிலிருந்து
எண் நாற்பத்தேழு என்று கூப்பிட்டேன்.
இரண்டு பேர் எழுந்து வந்தார்கள்.

கட்பலோகனில் அன்று காலையிலிருந்தே மின்சாரம் இல்லை.
படிவத்தால் விசிறிக்கொண்டிருந்தவர்கள்
விசிறுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள்.

இறந்தவர்: எலியூத்தேரியோ கப்ரினாவ்.
பதவி: விளக்குக் காவலர், மனாங்கல் தீவு.
பணிக்காலம்: முப்பத்தோரு ஆண்டுகள்.
வாழ்க்கைத் துணை:
அதற்கு ஒரே ஒரு கோடு போட்டிருக்கிறது அரசாங்கம்.
பெயர் கொஞ்சம் நீளமென்றால்
அதுவே போதாது.

பெர்பெத்துவா நீட்டியது திருமணச் சான்று.
எண்பத்து நான்கு, மே மாதம்.
பெரும்புயலில் நனைந்து, அடுப்பு மேல் காய்ந்த தாள்.
பாதிரியாரின் கையெழுத்து
மடிப்பில் இரண்டாகக் கிழிந்திருந்தது.
கிழிந்தாலும் செல்லும்.

லியோனிலா நீட்டியது
சவப்பெட்டிக் கடை ரசீது,
ரப்பர் பேண்டு போட்டு டயாலிசிஸ் சீட்டுகள் அறுபத்திரண்டு,
பிறகு, பையின் அடியிலிருந்து,
அவருடைய பல்செட்.
அதை மட்டும் திருப்பிக் கொடுத்தேன்.

இந்த நாட்டில் விவாகரத்து கிடையாது.
பிரிந்து போகலாம்.
அதற்கு ஒரு படகு போதும்.

சட்டம் எனக்கு மனப்பாடம்.
அடக்கச் செலவு, ரசீது வைத்திருப்பவருக்கு.
மாதா மாதம் வருவது, சான்று வைத்திருப்பவருக்கு.
சொன்னேன்.
மீன் விலை சொல்கிற குரலில்தான் சொன்னேன்.
வேறு குரலில் சொன்னால் அழுவார்கள்,
வரிசை நகராது.

பெர்பெத்துவா எழுத உட்கார்ந்தாள்.
பிறந்த தேதி, தாயாரின் கன்னிப் பெயர்: கை ஓடியது.
மரணத்தின் காரணம். பேனா நின்றது.
கடைசி முகவரி. நின்றது.
லியோனிலா நின்றபடியே சொல்ல
அவள் நிமிராமலே எழுதினாள்.

பிறகு, யாரிடம் என்றில்லாமல், பெர்பெத்துவா:
"எதிர்க்கரையில்தான் என் வீடு.
பத்து விநாடிக்கு ஒரு தரம்
சுவரில் வெளிச்சம் வந்து போகும்.
ஆள் ஒரு நாள் வரவில்லை. விளக்கு ஒரு நாள் தவறவில்லை.
கெட்டவன்தான்.
வேலையில் கெட்டவனில்லை."

லியோனிலா பல்செட்டைக் கைக்குட்டையில் சுற்றிக்கொண்டிருந்தாள்.
"தொண்ணூற்றெட்டில் அவருக்கு முழங்கால் போச்சு.
நூற்றுப் பன்னிரண்டு படி.
அதுக்கப்புறம் ஏறினது நான்."

பெர்பெத்துவாவின் முகத்தைப் பார்க்க வேண்டாமென்று
நான் முத்திரை மையைத் திறந்தேன். மூடினேன்.

"பெரும்புயல் அன்னிக்கு?"
"இடுப்பில் கயிறு கட்டிக்கிட்டு."
"அன்னிக்கு நடுவில் ஒருதரம் நின்னு போச்சு."
"திரி மாத்தினேன்."
"ரொம்ப நேரம் நின்னுது."
"கை நடுங்கிச்சு."

முப்பத்தொன்றில் பதினெட்டு போனால் பதின்மூன்று.
எனக்குக் கழிக்கத் தெரியும்.
படிவத்துக்குத் தெரியாது.

'பிற குறிப்புகள்' என்ற கட்டத்தில்
நூற்றுப் பன்னிரண்டு படிகள் என்று எழுதினேன்.
கண்காணிப்பாளர் அப்ளாசா
கண்ணாடியைக் கழற்றிக் கேட்டார், இது என்ன.
படிகள், என்றேன்.
எந்த விதியின் கீழ், என்றார்.
புதுப் படிவம் எடுத்து எல்லாவற்றையும் மறுபடி எழுதினேன்,
படிகள் இல்லாமல்.
என் சம்பளமும் இதே அலுவலகத்தில்தான் வருகிறது.

முதல் மாதப் பணம் வாங்க பெர்பெத்துவா வந்தாள்.
எச்சில் தொட்டு எண்ணினாள்.
மறுபடி எண்ணி,
இரண்டாகப் பிரித்து, இரண்டு பைகளில் வைத்தாள்.
எந்தப் பையில் எவ்வளவு என்று
ஜன்னல் கம்பி வழியாகத் தெரியவில்லை.

படகு எத்தனை மணிக்கு என்று கேட்டாள்.
இரண்டரைக்கு, என்றேன்.

அவள் ஊருக்குப் பஸ்தான் போகும்.