ஐந்து வரிக்குக் கீழ்

நான் அவருடைய ரசிகன் இல்லை.
தொலைக்காட்சி நிலையத்தின் கணக்குக் கிளையில்
பதினேழு வருசம் அவருக்கு வவுச்சர் எழுதியவன்.
ஆகவே நான் சொல்வதில்
தொகைகளாவது சரியாக இருக்கும்.

ஐந்து வரிக்குக் கீழே பேசினால் மூன்றாம் தரம்.
ஐந்து வந்துவிட்டால் இரண்டாம் தரம்.
இடையில் நூற்றெண்பது ரூபாய்.
அந்த நூற்றெண்பதின் கரையிலேதான்
ஜெசிந்தா மிஸ்ஸின் கலைவாழ்வு முழுக்க நடந்தது.

கொழுந்து பறிப்பவள். ஆஸ்பத்திரித் தாதி, இரவு.
கொழுந்து பறிப்பவள், இன்னொருத்தி.
நீதிமன்ற வாசலில் அழும் தாய்.
(அப்போது அவருக்கு இருபத்தொன்பது,
மகனாக நடித்தவனுக்கு முப்பத்தொன்று.)
ஒரு படத்தில் பிணம்.
பிணத்துக்கு வரி இல்லை,
ஆனாலும் நாள் முழுக்கப் படுத்திருந்தபடியால்
மதியச் சாப்பாட்டுக் காசு சேரும் என்று
நானே ஓரத்தில் குறித்தேன்.

ஒருமுறை கவுன்டருக்கு வந்து
ஈரக்குடையை மடக்காமலே கேட்டார்:
"தம்பி, அலறினதை வரியில சேர்ப்பீங்களா?"
நாலு வரி பேசி, பிறகு ஒரு அலறல்.
சுற்றறிக்கையைப் புரட்டினேன்.
பாடுவதற்கு விதி இருந்தது,
குதிரை ஏறுவதற்குக்கூட இருந்தது,
அலறலுக்கு இல்லை.
"அதில சொல் ஏதும் இருந்ததா?" என்றார் மேலதிகாரி.
"'ஐயோ' இருந்தது, சேர்."
"எந்த மொழியில்?"
சிங்களத்திலும் ஐயோ ஐயோதான் என்று
கோப்பில் எழுதினேன்.
கிடைத்தது நூற்றெண்பது.

திரையில் அவர் பெயர் ஜயந்தி.
வாயில் நுழையட்டும் என்று
முதல் இயக்குநர் வைத்தது.
அடையாள அட்டையில்
செபமாலை ஜெசிந்தா, கொட்டாஞ்சேனை.

மருதானைச் சாவடியில் பஸ்ஸை நிறுத்தி
எல்லோரையும் இறக்கியபோது
துவக்கோடு நின்ற பெடியன், பத்தொன்பது இருக்கும்,
"நீங்க அந்த நாடகத்து நேர்ஸ்" என்றானாம்.
முகம் மலர்ந்ததாம்.
பிறகு அட்டையைப் பார்த்திருக்கிறான்.
"இது வேற பேர்."
"ஓம், அதுவும் நான்தான்."
"அப்ப அழுது காட்டுங்க,
கடைசிக் கிழமை அழுத மாதிரி."
வரிசையில் முப்பது பேர். வெயில்.
"ஒரே டேக், தம்பி" என்றார் என்னிடம்,
"கிளிசரினும் இல்லை."
அவன் கைதட்டினானாம்.

மற்றவர்களையும் விட்டானா என்று கேட்டேன்.
இரண்டு பேரை விடவில்லை.
அதைச் சொல்லும்போது
கவுன்டரில் சிந்திக் கிடந்த குண்டூசிகளை
தலையெல்லாம் ஒரே பக்கம் வரும்படி
அடுக்கிக்கொண்டிருந்தார்.
அன்றைக்கு எந்த வேடத்துக்கு வவுச்சர் எழுதினேன்,
ஞாபகம் இல்லை.
தொகை எழுநூற்று நாற்பது.

நான் ஓய்வு பெற்றுவிட்டேன். அவர் பெறவில்லை.
இப்போது ஒரு பல்வைத்தியரின் விளம்பரத்தில்
வாயைத் திறக்கிறார். வரி இல்லை.

போன கிழமை தாதி நாடகம் மறுஒளிபரப்பு,
இரவு ஒன்றரைக்கு.
மறுஒளிபரப்புக்குக் கொடுப்பனவு கிடையாது;
அந்தக் கடிதத்தையும் நான்தான் அடித்து அனுப்பினேன்.
விழித்திருந்து எண்ணினேன். நாலு வரி.
ஐந்தாவதுக்கு உதடு பிரிகிறது,
வெட்டு,
நாயகன் ஜீப்பில் ஏறுகிறான்.

காலையில் வெள்ளவத்தைச் சந்தையில்
முருங்கைக்காயை முறுக்கிப் பார்த்துக்கொண்டு நின்றவரிடம்
அது என்ன வரி என்று கேட்டேன்.
யோசிக்கவே இல்லை.
சிங்களத்தில் சொன்னார்,
பிறகு, தேவையில்லாவிட்டாலும், தமிழில்:
"நோயாளிக்கு நித்திரை வந்திட்டுது,
லைட்டை நிப்பாட்டிட்டுப் போங்க."

இருபத்தாறு வருசமாக
வாய்க்குள்ளேயே வைத்திருந்திருக்கிறார்.
காய்க்காரன் மீதிக் காசை நீட்டியபடி நிற்க,
அது ஒரு வரியா இரண்டா என்று
நான் எண்ணிக்கொண்டிருந்தேன்.