மேல் வரிசை

இத்தாலியிலிருந்து பல் வந்த பெட்டியில்
உடையாமலிருக்கத் திணித்திருந்தார்கள்
ஏதோ நூதனசாலையின் கசங்கிய தாள்களை.
அக்கரைப்பற்றில் பின்னேரம் மூன்று மணி. கரண்ட் இல்லை.
வேளாண்மை வெட்டும் மெஷின் ஒன்று
வீதியை அடைத்துக்கொண்டு போகிறது.
தாள்களை மேசையில் நீவி விரித்தேன்.

சுட்ட மண்ணில் புருஷனும் பெண்சாதியும்
விருந்துக்கு வந்தவர்கள்போல் சாய்ந்து சிரிக்கிறார்கள்.
அடியில் இருப்பது சவப்பெட்டி.
அவள் கையில் எதையோ ஏந்தியிருந்திருக்கிறாள்;
அது எப்போதோ விழுந்துவிட்டது.
விரல்கள் இன்னும் அதன் வடிவத்தில்.

இன்னொரு தாளில், கல்லறைச் சுவரில்,
பாறையிலிருந்து கடலுக்குள் குதிக்கிறான் ஒரு பொடியன்.
இரண்டாயிரத்தைந்நூறு வருஷம்,
தலைமுடி இன்னும் நனையவில்லை.

மூன்றாவது தாளில்தான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டேன்:
தாள்போல் தட்டிய பொன் பட்டி,
நடுவில் பல்,
யாரோ ஒருத்தியின் வாயில் கட்டியது.
விளிம்பை உள்ளே மடித்த விதம்
என் கைவேலை மாதிரியே.
பல் கிடக்கிறது.
அதில் பட்டுப் பட்டு வெளியே வந்த பேச்சு?

ஃபோனில் தேடினேன். எத்ருஸ்கர்.
எழுத்து வலமிருந்து இடம்.
சத்தமாக வாசிக்கலாமாம்,
பொருள்தான் முழுக்க விளங்காதாம்.
இதிலென்ன புதினம்?
ஏழு வயதில் மதரஸாவில்
நானும் அப்படித்தான் ஓதினேன்;
சத்தம் முந்தி வந்தது
அர்த்தம் கொஞ்சம் கொஞ்சமாய், பின்னால்.

கல்லறைகளில் திரும்பத் திரும்ப வந்ததால்
சில சொற்கள் மட்டும் பிடிபட்டனவாம்.
அபா, தகப்பன்.
அவில், வருஷம்.
லுபு, மௌத்.
பெயர், தகப்பன் பெயர், வயது, மௌத்:
இந்தப் படிவம் எனக்குத் தெரியும்.
தொண்ணூறில் வாப்பாவுக்காக உம்மா நிரப்பினா.
கடைசிக் கட்டத்தில் பேனாவை வைத்தா,
எடுத்தா.
ஒரு புள்ளி மட்டும் இருக்கிறது அதில், நீல மையில்.

நாலு மணிக்கு உதுமாலெவ்வைக் காக்கா வந்தார்.
மேல் வரிசையை மாட்டிவிட்டு
"ஏதாவது பேசிக் காட்டுங்க" என்றேன்.
புதுப் பல்லோடு எல்லாரும் முழிப்பதுபோல் முழித்தார்.
"என்னத்தப் பேச?"
"வாய்க்கு வந்தத."

"உதுமாலெவ்வை.
வாப்பாட பேர் மீராலெவ்வை.
வயசு எழுபத்தொண்டு."

'ஸ' வருமிடத்தில் காற்று கொஞ்சம் ஒழுகுகிறது.
அரத்தை எடுத்தேன்.
அவர் வாயைத் திறந்தபடியே கேட்டார்:

"மறுகா?"